பதின்மூன்றரைக் கிலோ சுருள்

அத்தியாயம் 7

காவிரியில் முங்கித் தேடியவர்கள் மூன்றாவது முறையும் வெறுங்கையோடு கரையேறிவிட்டார்கள் என்ற செய்தி, வெள்ளிக்கிழமை மதியம் பன்னிரண்டு மணிக்கு வந்தது. நித்யஸ்ரீ போனைக் காதிலிருந்து எடுத்தாள். அதைப் பைக்குள் வைக்கவும் தோன்றாமல் கையிலேயே பிடித்துக்கொண்டு நின்றாள்.

"அம்மா பாலத்தை விட்டு எந்திரிக்க மாட்டேங்குதுங்க. உடம்பைப் பாத்தாத்தான் வருவேங்குது."

துப்பறிவாளர் மணிமாறன் புதுச்சத்திரத்துக்கு வெளியே, நெடுஞ்சாலையை விட்டு உள்ளே தள்ளியிருந்த அந்த லேத் பட்டறையின் இரும்புக் கதவையே பார்த்துக்கொண்டிருந்தார். ஐ.டி.ஐ.யில் டர்னர் படித்து, பிறகு சேலத்தில் இருபது வருடம் இன்சூரன்ஸ் சர்வேயராக இருந்தவர். எரிந்த மில்லையும் உடைந்த மிஷினையும் பார்த்து, நஷ்டம் நிஜமா நாடகமா என்று சொல்வது அப்போது அவர் வேலை. இப்போது மனிதர்களைப் பார்த்துச் சொல்கிறார்.

"டாக்டர் என்னம்மா சொன்னாரு?"

"திங்கக்கெழமை டயாலிசிஸ் பண்ணினதுங்க. நேத்தைக்கு மறுபடியும் பண்ணியிருக்கோணும். இன்னைக்குச் சாயங்காலத்தைத் தாண்டுனா நெஞ்சுல தண்ணி கோத்துக்கும், அப்பறம் எங்க கையில ஒண்ணும் இல்லேன்னுட்டாருங்க. அதுவும்..." அவள் குரல் இறங்கியது. "அதுவும் உசுரோட இருந்தாத்தானேங்க."

"இருக்காருன்னுதான் தேடறோம் சாமி," என்றாள் சரிதா, காரைப் பூட்டிக்கொண்டே. "இல்லேன்னா எங்க சாரு இந்த வெயில்ல ஏசியை விட்டு எறங்கவே மாட்டாரு."

சரிதா மணிமாறனின் உதவியாளர். லாரி புக்கிங் ஆபீசில் பத்து வருடம் டிரைவர்களோடு மல்லுக்கட்டிப் பழகிய வாய்.

காணாமல் போனவர் நித்யஸ்ரீயின் அப்பா கந்தப்பன். ஐம்பத்து நாலு வயது லேத் டர்னர். இரண்டு கிட்னியும் கைவிட்டு ஒன்றரை வருடம் ஆகிறது. திங்களும் வியாழனும் நாமக்கல்லில் டயாலிசிஸ், மற்ற நாளெல்லாம் இந்தப் பட்டறை. புதன்கிழமை காலையில் வேலைக்கு வந்தவர் வீடு திரும்பவில்லை. வியாழன் விடியும்போது அவருடைய மொபெட் ஐம்பது கிலோமீட்டருக்கு அப்பால், குமாரபாளையம் காவிரிப் பாலத்தில் தனியாக நின்றிருந்தது. நோயில் வெறுத்துப்போன மனிதர், ஆற்றில் குதித்துவிட்டார். போலீஸ் அப்படித்தான் எழுதியது.

"உங்கப்பா அப்படிப்பட்டவரா?" என்று நேற்று கேட்டிருந்தார் மணிமாறன்.

"என் கல்யாணத்துக்கு மண்டபம் பாத்துட்டு இருந்தாருங்க," என்று மட்டும் சொல்லியிருந்தாள் நித்யஸ்ரீ.

பட்டறை முதலாளி தனபால் உள்ளே இருந்து வந்தார். மடிப்புக் கலையாத வெள்ளை வேட்டி, இரண்டு நாள் சவரம் செய்யாத முகம்.

"வாங்க, வாங்க. நான் போலீஸ்ல சொன்னதேதானுங்க. எத்தனை தடவை கேட்டாலும் அதையேதான் சொல்லோணும்."

"எங்களுக்கு மொதல் தடவைங்க," என்றாள் சரிதா. "சலிக்காம சொல்லுங்க."

தனபால் சொன்னார். போர்வெல் போடும் ரிக் வண்டி ஒன்றுக்கு இரண்டு தடித்த இரும்புப் பின் செய்ய ஆர்டர். வண்டியின் மேல் படுத்திருக்கும் 'மாஸ்ட்' என்ற உயரமான இரும்புக் கோபுரத்தை நிமிர்த்தி நிறுத்தும்போது, அதன் மொத்தக் கனத்தையும் தாங்குவது அந்த ஒரு பின்தான். ஒன்று மாட்டுவதற்கு, மற்றொன்று கைவசம் இருப்பதற்கு. முதல் பின் செவ்வாய்க்கிழமையே போய்விட்டது.

"ரெண்டாவதைப் புதன்கிழமை காலைல ஒம்பது மணிக்கு மாட்டினாருங்க. நல்ல ஒசத்தி அலாய் ஸ்டீலு, கல்லு மாதிரி இருக்கும். ஏழு மணி நேரம் ஓட்டுனாத்தான் முடியும். கந்தப்பன் ஒருத்தர்தான் வேலையில இருந்தாரு. நான் ராசிபுரத்துல ஒரு கல்யாணத்துக்குப் போயிட்டு நாலு மணிக்குத் திரும்பறேன், பின்னைக் கழட்டி வெச்சுட்டுக் கை கழுவிட்டு இருந்தாரு. மொகமே சரியில்லைங்க. 'வாரேனுங்க'ன்னு மொபெட்டை எடுத்தாரு. அவ்வளவுதான்."

"போனு?"

"அதை ஊட்டுல சார்ஜ் போட்டுட்டு வந்துட்டதாச் சொன்னாருங்க."

நித்யஸ்ரீ தலையசைத்தாள். போன் வீட்டில்தான் இருந்தது.

தனபால் முன்பக்க ஆபீஸ் அறைக்குப் போனதும் மணிமாறன் இன்ஸ்பெக்டர் கருப்பண்ணனை அழைத்தார்.

"தனபாலை விசாரிக்காம இருப்பமாங்க?" என்றார் கருப்பண்ணன், அலுப்போடு. "கல்யாண வீடியோவையே வாங்கிப் பாத்துட்டேன். மத்தியானம் பன்னெண்டு அஞ்சுக்கு மண்டபத்து வாசல்ல சந்தனம் எடுக்கறாரு. மூணரை வரைக்கும் பந்தியில, மேடையிலன்னு எல்லாத்துலயும் இருக்காரு. அந்த வேலைக்கு ஏழு மணி நேரம் ஆகும்னு வேற ரெண்டு பட்டறையிலயும் கேட்டுட்டேன். வேலை முடிஞ்சு பின்னு அங்கயே கெடக்குது. அப்ப கந்தப்பன் நாலு மணி வரைக்கும் உசுரோட மிஷின்ல நின்னிருக்காருன்னுதானே அர்த்தம்? வெளியே போனதுக்கு அப்பறம் நடந்ததுக்கு மொதலாளி என்ன பண்ணுவாரு?"

போன் அணைந்தது.

"ஆக, தனபாலுக்கு சாட்சி யாரு?" என்றார் மணிமாறன்.

சரிதா மேசையைக் காட்டினாள். முழங்கை நீளத்தில், தொடை கனத்தில், பளபளவென்று கிடந்தது அந்தப் பின். "இந்தாளுதான் சார். கூண்டுல ஏத்தினா வாயே தொறக்க மாட்டான்."

"தொறக்க வெப்போம்."

அவர் மேசைக்குப் போகவில்லை. லேத்துக்கு அடியில் குனிந்தார். ஒரு பெரிய சாக்கு இருந்தது. அதன் வாயைப் பிரித்துக் கையை விட்டார்.

"சார், காணாமப் போனது ஆளு. நீங்க குப்பையைக் கிளறறீங்க."

"இந்தச் சாக்கு என்னைக்கோடதுன்னு தெரியணும். இங்க கூட்டறவங்க யாரு?"

பட்டறையை ஒட்டிய லைன் வீட்டிலிருந்து சௌந்திரத்தை நித்யஸ்ரீ கூட்டி வந்தாள். ஒல்லியான, நடுத்தர வயதுப் பெண்மணி. ஆபீஸ் அறைப் பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டுத்தான் உள்ளே காலெடுத்து வைத்தாள்.

"புதன்கெழமையோடதுங்க. காலைல ஒம்பது மணிக்கு அவரு வேலை ஆரம்பிக்கறதுக்கு முன்னால நாந்தான் மிஷினைக் கூட்டிப்போட்டு, புதுச் சாக்கு வெச்சேன். அன்னைக்கு சாயங்காலமே வேலைக்கு வர வேண்டாம்னுட்டாருங்க. அப்படியே கெடக்குது."

மணிமாறன் ஒரு கை நிறையச் சுருளை வெளியே எடுத்தார். லேத்தில் இரும்பு சுற்றும்போது டூல் சீவிப்போடும் கழிவு. வெள்ளி நிறத்தில், அறுபடாமல், முழ நீளத்துக்குச் சுருண்டு சுருண்டு வந்தது.

"ஆட்டையாம்பட்டி முறுக்கு," என்றாள் சரிதா.

"அதேதான். பதமா வெந்த முறுக்கு." அவர் வெர்னியர் அளவுகோலை எடுத்து ஒரு சுருளின் அகலத்தை அளந்தார். இரண்டரை மில்லிமீட்டர். சாக்கின் நடுவிலிருந்து ஒன்று, அடியிலிருந்து ஒன்று. எல்லாம் இரண்டரை. "கல்லு மாதிரி இரும்புன்னாரே. அப்படிப்பட்ட இரும்பை இந்தப் பழைய மிஷின்ல இவ்வளவு அகலமாச் சீவ முடியாது. ஒரு மில்லிமீட்டர் கொடுத்தாலே டூல் கத்தும். நீலம் பூத்துப் பொடிப்பொடியா விழும். இந்தச் சாக்குல அப்படி ஒரு துண்டாவது இருக்கா பாருங்க."

மூன்று பேரும் சாக்கைத் தரையில் கொட்டித் தேடினார்கள். நித்யஸ்ரீயின் விரல் இரண்டு இடத்தில் கிழிந்தது. அவள் கவனிக்கவில்லை. பொடி ஒன்று கூட இல்லை.

மூலையில் பழைய இரும்பு நிறுக்கும் எலக்ட்ரானிக் தராசு இருந்தது. சுருளை அள்ளி அதன் மேல் வைத்தார்கள். பதின்மூன்றரைக் கிலோ. மணிமாறன் இப்போதுதான் பின்னிடம் வந்தார். சீவாமல் விட்ட தலைப்பகுதியின் குறுக்களவு, சீவிய உடம்பின் குறுக்களவு, நீளம் எல்லாம் எடுத்துப் போனில் கணக்குப் போட்டார்.

"இந்தப் பின் இழந்த எடை பதின்மூன்று கிலோ அறுநூறு. சாக்குல இருக்கறது பதின்மூன்றரை. நூறு கிராம் செருப்புல ஒட்டிட்டுப் போயிருக்கும். அதாவது, இந்தப் பின்னுல சீவின அத்தனையும் இந்தச் சாக்குலதான் இருக்கு. வேற எங்கயும் வேற மாதிரியும் சீவலை."

"சரிங்க," என்றாள் நித்யஸ்ரீ. அவள் கண் சுவர்க் கடிகாரத்தில் இருந்தது. பன்னிரண்டே முக்கால். "அதனால எங்கப்பா எங்க இருக்காருன்னு தெரியுமாங்க?"

"எப்ப வரைக்கும் இங்க இருந்தாருன்னு தெரியும். அது தெரிஞ்சா மத்தது தெரியும். நாலு நிமிஷம் குடும்மா."

மணிமாறன் பின்னின் மேல் போன் கேமராவைப் பெரிதாக்கிப் பிடித்தார். ஒவ்வொரு சுற்றுக்கும் டூல் நகர்ந்த தடம் மெல்லிய வரிகளாக ஓடியது. சரிதா எண்ணினாள். ஒரு சென்டிமீட்டருக்கு ஐம்பது வரி. அதே அளவு நகர்வுக்கு லீவரை வைத்தார். சக்கரத்தின் வேகத்தை மாற்றும் கைப்பிடியைத் தொட்டபோது சௌந்திரம் குறுக்கிட்டாள்.

"அது சும்மாங்க. அந்த மிஷின் ஒரே ஓட்டந்தான் ஓடும். மத்த கியரெல்லாம் போயி ரெண்டு வருசமாச்சு."

"நல்லதாப் போச்சு." மேசைக்கடியில், பின்னின் தலையில் இருந்த அதே நீல பெயிண்டோடு, அதே கம்பியில் அறுத்த துண்டு ஒன்று கிடந்தது. அதைத் தூக்கி மிஷினில் மாட்டி இறுக்கினார். கீழே சுத்தமாகத் துடைத்துவிட்டு ஒரு தகரத் தட்டை வைத்தார். சுருளின் அகலத்துக்குச் சரியாக, ஆழம் இரண்டரை மில்லிமீட்டர். "சரிதா, வாட்ச்."

சுவிட்ச் விழுந்தது. கத்தல் இல்லை, அதிர்வு இல்லை. இரும்பு சோம்பலாகச் சுற்ற, டூல் அதை உரித்துக்கொண்டே போனது. சுருள்கள் தட்டில் விழுந்தன. நாலாவது நிமிடம் சரிதா கையைத் தூக்கினாள். தட்டைத் தராசில் வைத்தார்கள்.

அரைக் கிலோ. கூடக் குறைய ஐந்து பத்து கிராம்.

"நாலு நிமிஷத்துக்கு அரைக் கிலோ," என்றார் மணிமாறன். "அப்ப பதின்மூன்றரைக் கிலோவுக்கு?"

சரிதா விரலை மடக்கினாள். "இருபத்தேழு அரைக் கிலோ. இருபத்தேழு நாலு... நூத்தியெட்டு நிமிஷம். சாரு! ரெண்டு மணி நேரம் கூட இல்லை!"

"டூலைப் பின்னால கொண்டு வர, அளவு பாக்க இன்னொரு இருபது நிமிஷம் சேத்துக்க. ஒன்பது மணிக்கு ஆரம்பிச்ச வேலை பதினொன்னு பத்துக்கு முடிஞ்சிருச்சு."

"பதினொன்னு பத்துக்கு முடிச்சுட்டு நாலு மணி வரைக்குமா கை கழுவிட்டு இருந்தாரு?"

அப்போது கதவு படாரென்று திறந்தது. மிஷின் சத்தம் கேட்டுத் தனபால் ஓடி வந்திருந்தார்.

"யாரைக் கேட்டுங்க மிஷினை ஓட்டறீங்க?"

"இதைக் கொஞ்சம் அராவிப் பாருங்களேன்," என்று ஒரு அரத்தை நீட்டினார் மணிமாறன். தனபால் வாங்கவில்லை. சரிதா வாங்கினாள். புதுப் பின்னின் மேல் ஒரே இழுப்பு. அரம் ஆழமாகக் கடித்து, பொடி உதிர்ந்தது.

"நான் இதுவரைக்கும் அரம் புடிச்சதே இல்லைங்க," என்றாள் சரிதா. "உங்க ஒசத்தி ஸ்டீலு என் கையிலயே இந்தப் பாடு படுதே."

தனபாலின் முகம் வெளுத்தது. "கம்பி வித்தவன் ஏமாத்தியிருப்பானுங்க. எனக்கு எப்படித் தெரியும்?"

"கந்தப்பனுக்குத் தெரிஞ்சுது," என்றார் மணிமாறன். "டூல் போற வேகத்துலயே தெரிஞ்சிருக்கும்."

"ஆமாங்க." நித்யஸ்ரீ முன்னால் வந்தாள். "செவ்வாய்க்கெழமை ராத்திரி சோறு திங்காம உக்காந்திருந்தாரு. என்னப்பான்னு கேட்டதுக்கு, 'மிஷின்ல போட்ட இரும்பு சும்மா வழவழன்னு போகுது, எனக்கு மனசே சரியில்லை'ன்னாரு. எனக்குப் புரியலீங்க அப்போ."

"செவ்வாய்க்கிழமை சந்தேகம். புதன்கிழமை வேணும்னே ஆழமாக் குடுத்துப் பாத்து உறுதி பண்ணியிருக்காரு. இது சாதா இரும்பு. கோபுரத்தை நிமிர்த்தும்போது முறிஞ்சா அடியில நிக்கறவங்க கதி என்ன? ஆனா மொதல் பின் ஏற்கனவே வண்டியில மாட்டியாச்சு. அதைத் திரும்ப வாங்கச் சொல்லி உங்ககிட்டக் கேட்டிருப்பாரு. நீங்க மாட்டேன்னீங்க. ஏழு மணி நேரம்னு போலீஸ்ல ஏன் சொன்னீங்கன்னு இப்பத்தான் புரியுது. நல்ல ஸ்டீலா இருந்தா அவ்வளவு நேரம் ஆகும். ரெண்டு மணி நேரம்னு உண்மையைச் சொன்னா இரும்பு போலின்னு தெரிஞ்சுடும். நீங்க கல்யாணத்துக்குக் கெளம்பறதுக்கு முன்னாடியே வேலை முடிஞ்சு அவர் சும்மா நின்னாருன்னும் தெரிஞ்சுடும். ஒரே பொய், ரெண்டுக்கும் உதவுச்சு."

"எல்லாத்தையும் என் வக்கீல்கிட்டப் பேசிக்கங்க." தனபால் விறுவிறுவென்று வெளியே போனார். கார் கிளம்பும் சத்தம் கேட்டது. சரிதா வாசல் வரை ஓடினாள். புழுதிதான் மிஞ்சியது.

நித்யஸ்ரீ அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டாள். "போயிட்டானுங்களே. இனி யாருகிட்டக் கேக்கறது?"

மணிமாறன் மறுபடியும் இன்ஸ்பெக்டரை அழைத்தார். மறுமுனையில் நீண்ட மூச்சு கேட்டது.

"சுருளை நிறுத்துப் பாத்தேன், அதனால மொதலாளியைப் புடிங்கன்னா கோர்ட்டுல சிரிப்பாங்க சார். நான் ஆத்துல ஆளை எறக்கியிருக்கேன்."

"அந்த ரிக் வண்டி எங்க இருக்குன்னாவது பாருங்க. கோபுரத்தை நிமிர்த்த வேண்டாம்னு ஒரு வார்த்தை சொல்லுங்க. அதுக்குக் கோர்ட் வேண்டாமே."

"சரி, அதைச் சொல்றேன்."

மணி ஒன்று. மணிமாறன் கண்ணை மூடிக்கொண்டு நின்றார். பிறகு சரிதாவிடம் திரும்பினார்.

"ராசிபுரம் மண்டபம் இங்கிருந்து எவ்வளவு நேரம்?"

"கார்ல இருபத்தஞ்சு நிமிஷம்."

"பன்னெண்டு அஞ்சுக்குச் சந்தனம் எடுத்தா, பதினொன்னு நாப்பதுக்கு இந்தப் பக்கத்தை விட்டுக் கெளம்பியாகணும். பதினொன்னு பத்துக்கு வேலை முடிஞ்சது. நடுவுல முப்பது நிமிஷம். அதுல பேச்சு, தகராறு, அவரை எங்கயோ கொண்டு போய் விட்டது, எல்லாம் அடங்கணும். பத்து நிமிஷத்துக்கு மேல போயிருக்கவே முடியாது."

சரிதாவின் கண்கள் விரிந்தன. "அப்ப காவிரி?"

"காவிரிக்கு மொபெட் மட்டும்தான் போச்சு."

"புதன்கெழமை ராத்திரி," என்றாள் சௌந்திரம், யாரும் கேட்காமலே. எல்லோரும் திரும்பினார்கள். "பட்டறை குட்டியானை வண்டி கெளம்பற சத்தம் கேட்டுச்சுங்க. லோடு ஒண்ணும் இல்லையே, இந்நேரத்துல எங்கேன்னு நெனச்சேன்."

மணிமாறன் அவள் எதிரில் வந்து நின்றார். "பத்து நிமிஷத் தூரத்துல அவருக்கு என்னங்கம்மா இருக்கு? வீடு, குடோன், எதுவானாலும்."

"எனக்கு ஒண்ணும் தெரியாதுங்க. நான் இருக்கற ஊடே அவிங்க குடுத்ததுங்க."

"அக்கா." நித்யஸ்ரீ எழுந்தாள். அவள் அழவில்லை. அழுகை எல்லாம் தீர்ந்துபோன குரல். "இன்னைக்குச் சாயங்காலம் வரைக்குந்தானுங்க அக்கா எங்கப்பாவுக்கு நேரம். அதுக்கு அப்பறம் நீங்க சொல்லவே வேண்டாங்க."

சௌந்திரம் முந்தானையை வாயில் அழுத்திக்கொண்டாள்.

"ராசிபுரம் ரோட்டுல, ரெண்டாவது ஓடைப் பாலத்துக்கு அக்கட்டால, எடது கைப் பக்கம் வண்டித்தடம் போகும். குச்சிக்கெழங்குக் காடு. அதுக்குள்ள பழைய மோட்டார் ரூமு ஒண்ணு இருக்குதுங்க. கெணறு வத்துனதுல இருந்து பூட்டித்தான் கெடக்குது. சுத்திலும் ஒரு ஊடு கெடையாது. கத்துனாலும்..." அவள் முடிக்கவில்லை.

சரிதா அதற்குள் காரைக் கிளப்பியிருந்தாள்.

எட்டு நிமிடம் ஆயிற்று. அந்த எட்டு நிமிடமும் நித்யஸ்ரீ 108 ஆம்புலன்ஸுக்கு வழி சொல்லிக்கொண்டே வந்தாள். நாக்கு குழறி, இடது கையை வலது கை என்றாள். மணிமாறன் போனை வாங்கித் திருத்திச் சொன்னார். ஓடைப் பாலம் தாண்டி வண்டித்தடத்தில் இறங்கியதும் இருபுறமும் குச்சிக்கிழங்கு எனும் மரவள்ளிச் செடி ஆள் உயரத்துக்கு நின்றது. கார் குலுங்கிக் குலுங்கிப் போனது. திரும்பிய இடத்தில் சரிதா பிரேக்கை அழுத்தினாள்.

தனபாலின் கார் அங்கே நின்றிருந்தது.

அதைத் தாண்டி ஒரு சின்னக் காங்கிரீட் கட்டடம். ஜன்னல் இல்லை, கூரைக்குக் கீழே காற்றுக்கு இரண்டு துளைகள். பூட்டிய தகரக் கதவுக்கு முன்னால், மண்ணில், தனபால் மண்டியிட்டிருந்தார். கையில் சாவி இருந்தது. பூட்டு பூட்டியபடியே தொங்கியது.

"தொறக்க முடியலீங்க," என்றார் அவர், திரும்பாமலே. "இன்னைக்கு விடியக்காலம் வந்து தட்டினேன். சத்தமே வரலை. இப்பவும் தட்டினேன். ஒரு ராத்திரிக்குத்தானுங்க வெச்சேன். ரிக்கு இங்க காட்டுலதான் ஓடுது, நீயே நேர்ல சொல்லிருன்னு கூட்டியாந்து... வண்டி ஆந்திராவுக்குக் கெளம்பற வரைக்கும்னு நெனச்சேன். அப்பறம் வெளிய விட்டா என்னையச் சொல்லிருவாரேன்னு... தண்ணி வெச்சேனுங்க. பழம் வெச்சேன். எனக்குத் தெரியலீங்க, உள்ள என்ன இருக்குதுன்னு பாக்க எனக்குத் தகிரியம் இல்லை."

நித்யஸ்ரீ அவர் கையிலிருந்து சாவியைப் பிடுங்கினாள். பூட்டு துருவேறி இறுகியிருந்தது. சாவி திரும்பவில்லை. மறுபடியும். மறுபடியும். மணிமாறன் கைகொடுத்தார். கதவு கிறீச்சிட்டுத் திறந்தது.

உள்ளிருந்து சூடான காற்று முகத்தில் அடித்தது. இருட்டுக்குக் கண் பழகச் சில நொடிகள் ஆயின. பழைய மோட்டார் மேடையில் சாய்ந்தபடி கந்தப்பன் உட்கார்ந்திருந்தார். முகம் வீங்கி, கண் இமைகள் ஒட்டியிருந்தன. கால்கள் தூண் போல உப்பியிருந்தன. பக்கத்தில் ஒரு சீப்பு வாழைப்பழம் தோல் கறுத்துத் தொடாமல் கிடந்தது.

"அப்பா!"

அசைவில்லை. நித்யஸ்ரீ அவர் மார்பில் காதை வைத்தாள். அவளுடைய முதுகு குலுங்கியது.

"இருக்குது," என்றாள். "இருக்குதுங்க. அடிக்குதுங்க!"

அந்தக் குரல் கேட்டுத்தானோ என்னவோ, கந்தப்பனின் உதடு பிரிந்தது. சத்தம் வரவில்லை. மணிமாறன் குனிந்து காதைக் கொடுத்தார்.

"மாஸ்ட்டைத் தூக்க... வேண்டாம்னு..."

"சொல்லியாச்சு," என்றார் மணிமாறன். இன்ஸ்பெக்டர் சொன்னாரா என்று அவருக்கே தெரியாது. போனை எடுத்துக்கொண்டு வெளியே ஓடினார்.

சரிதா தண்ணீர் தேடினாள். வாழைப்பழத்துக்கு அருகில் ஐந்து லிட்டர் கேன் இருந்தது. தூக்கியவள் திகைத்தாள். ஏறக்குறைய நிறைந்தே இருந்தது.

"ரெண்டு நாளு... இந்த வேக்காட்டுல... தண்ணி குடிக்கவே இல்லையா? அப்ப போலீஸ்காரங்க சொன்ன மாதிரி, நெஜமாவே சாகத்தான்..."

"இல்லைங்கக்கா." நித்யஸ்ரீ சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள். கந்தப்பனின் வலது கை எட்டும் உயரத்தில், காரைச் சுவரில், ஆணியால் கீறிய சின்னக் கோடுகள் வரிசையாக இருந்தன. அவருடைய விரல் இடுக்கில் கேனின் மூடி இருந்தது.

"கிட்னி போனவங்களுக்குக் குடிக்கற தண்ணி வெளிய போகாதுங்க. நெஞ்சுல ஏறிக்கும். ஒரு நாளைக்கு அரை லிட்டருக்கு மேல குடிச்சா உசுருக்கு ஆபத்து. வாழைப்பழம் தின்னா இதயமே நின்னுரும்." அவள் கோடுகளை விரலால் தொட்டுத் தொட்டு எண்ணினாள். கடைசிக் கோட்டில் விரல் நின்றது. "முப்பத்தெட்டு மூடி. நெனப்புத் தப்பற வரைக்கும் மணிக்கு ஒண்ணுன்னு குடிச்சிருக்காருங்க."

சரிதா கேனைக் கீழே வைத்தாள். அந்தச் சூட்டில், கைக்கெட்டும் தூரத்தில் தண்ணீரை வைத்துக்கொண்டு, ஒரு மூடி குடித்துவிட்டு அடுத்த மணிக்காகக் காத்திருந்த மனிதரைப் பார்த்தாள். துப்பட்டாவை நனைத்து அவருடைய உதட்டை மட்டும் துடைத்தாள்.

வெளியே ஆம்புலன்ஸ் சைரன் கேட்டது.

நாமக்கல்லில் டயாலிசிஸ் நாலரை மணி நேரம் நடந்தது. முதல் ஒரு மணி நேரம் டாக்டர் வெளியே வரவில்லை. வந்தபோது, "இன்னும் ரெண்டு மணி நேரம் போயிருந்தா நான் உங்ககிட்டப் பேசறதுக்கு ஒண்ணும் இருந்திருக்காது," என்றார். தனபால் மோட்டார் ரூம் வாசலிலேயே உட்கார்ந்திருந்தார். போலீஸ் வந்து எழுப்பும்வரை நகரவில்லை.

மாலை ஆறு மணிக்கு இன்ஸ்பெக்டர் கருப்பண்ணன் ஆஸ்பத்திரிக்கு வந்தார். குமாரபாளையத்திலிருந்து கந்தப்பனின் மனைவியை அவரே ஜீப்பில் கூட்டி வந்திருந்தார். அந்தம்மா நேராகப் போய்க் கட்டிலின் கால்மாட்டில் உட்கார்ந்து, கணவரின் வீங்கிய பாதத்தை மடியில் எடுத்து வைத்துக்கொண்டார்.

டயாலிசிஸ் மிஷின் இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. கந்தப்பனுக்குக் கண் திறக்க முடிந்தது. அவர் இன்ஸ்பெக்டரைப் பார்த்தார். கேள்வி கண்ணிலேயே இருந்தது.

கருப்பண்ணன் தொப்பியைக் கழற்றினார்.

"கிருஷ்ணகிரியைத் தாண்டி ஒரு கிராமத்துல நின்னிருந்துதுங்க அந்த ரிக்கு. போர் போட எடம் பாத்து, மாஸ்ட்டை நிமித்தறதுக்கு என்ஜினை ஓட விட்டிருந்தாங்க. நான் கூப்பிட்ட போனை டிரைவர் மொதல்ல எடுக்கலை. மூணாவது தடவைக்கு எடுத்தாரு. பின்னைக் கழட்டிப் பாத்திருக்காங்க. பாதிக்கு மேல வெடிப்பு விட்டிருக்குது."

கந்தப்பன் உதட்டை நனைத்துக்கொண்டார்.

"எத்தனை பேருங்க... வண்டியில?"

"ஒம்பது பேரு."

கந்தப்பன் அதை மனசுக்குள் ஒரு முறை சொல்லிப் பார்ப்பது போல உதட்டை அசைத்தார். பிறகு மனைவியின் பக்கம் தலையைத் திருப்பிக்கொண்டு கண்ணை மூடினார். தூங்கிவிட்டார்.